கோரிங் கிராமத்தில் அப்பாவோடு ஒரு கோடை: அங்கே இருந்தவர்கள், போய்வந்தவர்கள் சொல்லுங்கள்

கரையோரன் எழுதியது:

எல்லோருக்கும் வணக்கம். இங்கிலாந்தில் ரெடிங்கில் வேலை, நகரின் நடுவிலேயே நான்காவது மாடியில் வீடு. ஜூன் முதல் வாரம் அப்பா ஊரிலிருந்து வருகிறார், அக்டோபர் வரை இருப்பார். 71 வயது. பொதுப்பணித்துறையில் ஒர்க் இன்ஸ்பெக்டராக இருந்து ஓய்வு பெற்றவர், மதகு, ஷட்டர், கலிங்கு, கரை உடைப்பு என்று வேலைக்காலம் முழுக்க ஆற்றோடும் வாய்க்காலோடும் கழித்த மனிதர். போன முறை வந்தபோது ஐந்து மாதமும் ஜன்னலோரம் உட்கார்ந்து கீழே கார் நிறுத்துமிடத்தைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார். ஒரு வார்த்தை குறை சொல்லவில்லை. அதுதான் எனக்கு இன்னும் உறுத்துகிறது.

போன சனிக்கிழமை சும்மா ரயில் ஏறி கோரிங் போய் இறங்கினேன். நிலையத்திலிருந்து பத்து நிமிஷ நடையில் தேம்ஸ் பாலம் வந்துவிடுகிறது. அதில் நின்றால் படகுகளைத் தண்ணீரோடு ஏற்றி இறக்கும் லாக் தெரிகிறது, ஆற்றுக்குக் குறுக்கே உள்ள கலிங்கில் தண்ணீர் விழும் சத்தம் கேட்கிறது, இரண்டு கரையிலும் பச்சைக் குன்று. அப்பா இங்கே நின்றால் எப்படி இருக்கும் என்று நினைத்துக்கொண்டே அரை மணி நேரம் நின்றுவிட்டேன். நான்கு மாதத்துக்கு அங்கேயே சிறிய வீடாக வாடகைக்குப் பார்க்கலாமா என்று யோசனை. நான் பகலில் அலுவலகம் போய்விடுவேன், அவருக்குக் கார் ஓட்ட வராது, இங்கிலீஷும் கொஞ்சம்தான். தனியாக நடந்து போய்வர வசதியான ஊரா? கடை, மருத்துவர் எல்லாம் எப்படி? அந்த ஊரின் கதை தெரிந்தவர்கள் அதையும் சொல்லுங்கள், அவர் முதல் நாளே கேட்பார், பதில் சொல்ல எனக்கு ஏதாவது தெரிந்திருக்க வேண்டும்.

யாழ்நிலா எழுதியது:

தம்பி, நான் பாங்போர்னில் இருக்கிறேன், கோரிங்குக்கு அடுத்த ஸ்டேஷன். கிழமைக்கு ஒருக்காவாவது அங்கே போவேன், அதனால் தெரிந்ததைச் சொல்கிறேன்.

சனத்தொகை மூவாயிரத்தைக் கொஞ்சம் தாண்டும், அவ்வளவுதான். ஆனால் அந்த அளவுக்கு மீறி வசதி இருக்கிறது. மருத்துவரும் மருந்துக்கடையும் ஊருக்குள்ளேயே இருக்கின்றன. நூலகம், ஆரம்பப் பாடசாலை, ஊர் மண்டபம், பலசரக்குக் கடை எல்லாமே நடந்து போகிற தூரம். பெரிய பாடசாலை இல்லை, பிள்ளைகள் குன்றின் மேலே வுட்கோட்டுக்குத்தான் போக வேண்டும், உங்களுக்கு அது தேவைப்படாது. பெரிய ஆஸ்பத்திரி என்றால் ரெடிங். வார நாட்களில் பொதுவாக அரை மணிக்கு ஒரு ரயில் இருக்கும், ரெடிங்குக்குக் கால் மணி நேரம்தான்.

முக்கியமாக ஒன்று. ஊரின் பிரதான தெரு ரயில் பாலத்திலிருந்து ஆற்றை நோக்கி ஒரே இறக்கம். வழி தவற இடமே இல்லை. கீழே போனால் ஆறு, மேலே வந்தால் ஸ்டேஷன். பாஷை அவ்வளவாகத் தெரியாதவருக்கு இதைவிட லேசான ஊர் கிடைக்காது. திரும்பி வரும்போது ஏற்றம், ஆனால் இடையில் உட்கார்ந்து இளைப்பாற வாங்குகள் உண்டு.

கறிவேப்பிலை, நல்ல அரிசி, தோசை மா இதற்கெல்லாம் நீங்கள் ரெடிங்கிலிருந்தே வாங்கிக்கொண்டு போங்கள்.

தேம்ஸ்நடை எழுதியது:

கரையோரன், நல்ல இடமாகப் பிடித்திருக்கிறீர்கள். தேம்ஸ் நடைபாதையைத் துண்டு துண்டாக ஆறு வருஷத்தில் நடந்து முடித்தவன் என்ற முறையில் சொல்கிறேன், அந்தப் பாதை முழுக்க எனக்கு மிகவும் பிடித்த இடங்களில் முதல் மூன்றுக்குள் கோரிங் வரும்.

முதலில் ஒரு விஷயம், அது ஒரு ஊர் அல்ல, இரண்டு ஊர். கிழக்குக் கரையில் கோரிங், அது ஆக்ஸ்ஃபர்ட்ஷயர். மேற்குக் கரையில் ஸ்ட்ரீட்லி, அது பெர்க்‌ஷயர். மாவட்ட எல்லையே ஆறுதான், பாலத்தைக் கடந்தால் மாவட்டம் மாறிவிடும். ரயில் நிலையத்துக்கு மட்டும் இரண்டு ஊர்ப் பெயரையும் சேர்த்து வைத்திருக்கிறார்கள்.

இரண்டு பெரிய நடைபாதைகள் இங்கேதான் சந்திக்கின்றன. ஒன்று தேம்ஸ் பாதை. இன்னொன்று ரிட்ஜ்வே, ஏவ்பரி பக்கத்தில் தொடங்கி ஐவிங்ஹோ குன்று வரைக்கும் 87 மைல், மிகப் பழைய மேட்டுப்பாதை. அது மேற்கே டவுன்ஸ் மேட்டிலிருந்து இறங்கி, ஸ்ட்ரீட்லி வழியாகப் பாலத்தைக் கடந்து, கோரிங்கில் வடக்கே திரும்பி ஆற்றோரமாகவே போகும். உங்கள் அப்பாவுக்கு அந்தத் துண்டுதான் சரி. கோரிங்கிலிருந்து சவுத் ஸ்டோக் வரை ஒன்றரை இரண்டு மைல் பெரும்பாலும் சமதரை. மழை பெய்த மறுநாள் மட்டும் சேறு இருக்கும், நல்ல பிடிப்புள்ள செருப்பு வாங்கிக் கொடுங்கள்.

முழங்கால் நன்றாக இருந்தால் ஒரு நாள் ஸ்ட்ரீட்லி பக்கம் லார்டன் சேஸ் மேட்டுக்கு ஏற்றுங்கள். ஏற்றம் செங்குத்து, நிதானமாகத்தான் போக வேண்டும். மேலே போய்த் திரும்பிப் பார்த்தால் ஆறு இரண்டு மலைக்கு நடுவே புகுந்து வெளியேறுவது முழுசாகத் தெரியும். அதற்குத்தான் கோரிங் கேப் என்று பெயர். பனியுகத்தில் வடக்கே பெரிய ஏரி ஒன்று தேங்கி, அது நிரம்பி வழிந்து இந்த இடத்தில் மலையை உடைத்துக்கொண்டு ஓடியதால் வந்த இடைவெளி.

சுண்ணாம்புமலை எழுதியது:

தேம்ஸ்நடை அண்ணா, நடைபாதை விஷயத்தில் உங்களிடம் வாதாட மாட்டேன், ஆனால் கடைசி வரி மட்டும் திருத்தப்பட வேண்டும். ஏரி உடைந்து மலையை வெட்டியது என்பது பழைய விளக்கம், சுற்றுலாப் பலகைகளில் இன்னும் ஓடிக்கொண்டிருக்கிறது. பனிப்பாறை இந்தப் பக்கம் வருவதற்கு முன்பே தேம்ஸின் மூதாதை ஆறு இந்த இடைவெளி வழியாக ஓடியிருக்கிறது என்று அது விட்டுப்போன பழைய சரளைப் படிவுகள் காட்டுகின்றன. அப்போது அது இங்கிருந்து வடகிழக்கே, இன்றைய செயின்ட் ஆல்பன்ஸ் பக்கமாகப் போனது. சுமார் 4,50,000 வருஷத்துக்கு முன்னால் பனிப்பாறை அந்தக் கீழ்வழியை அடைத்துவிட்டது. ஆறு தெற்கே தள்ளப்பட்டது, அதனால்தான் இன்று லண்டன் வழியாகப் போகிறது. அதாவது பனி மாற்றியது கோரிங்குக்குக் கீழே உள்ள வழியை. கோரிங்கில் ஆறு தன் போக்கில் கொஞ்சம் கொஞ்சமாக, மிக நீண்ட காலம் அறுத்துத்தான் இறங்கியது.

இது ஏன் முக்கியம் என்றால், அந்த ஊரில் நீங்கள் பார்க்கும் எல்லாவற்றுக்கும் காரணம் இந்த அறுப்புதான். கிழக்கே சில்டர்ன் குன்றுகள், மேற்கே பெர்க்‌ஷயர் டவுன்ஸ், இரண்டும் ஒரே சுண்ணாம்புப் பாறை, நாம் பள்ளிக்கூடத்தில் எழுதிய சாக்பீஸ் நிறம். டைனோசர் காலத்துக் கடலடியில் நுண்ணுயிர்களின் ஓடுகள் படிந்து இறுகியது. அந்த நீண்ட மேட்டில் சமமாகக் கடக்க வாகான இடம் இது ஒன்று, அதனால் பழைய பாதை, படகுத்துறை, சாலை, ரயில் எல்லாம் இந்த ஒரே வாசலில் வந்து நெருங்கின. ஸ்ட்ரீட்லி என்ற பெயரிலேயே தெரு இருக்கிறது, பழைய ஆங்கிலத்தில் தெருவையொட்டிய வெட்டவெளி என்று பொருள்.

தேம்ஸ்நடை எழுதியது:

சரி தம்பி, ஏற்றுக்கொள்கிறேன். இருபது வருஷமாக அந்த ஏரிக் கதையைத்தான் எல்லோரிடமும் சொல்லிக்கொண்டிருந்தேன். படிவு விஷயம் எனக்குத் தெரியாது, நன்றி.

மீனா ரெடிங் எழுதியது:

எல்லோரும் நல்லதையே சொல்கிறீர்கள், மறுபக்கத்தையும் யாராவது சொல்ல வேண்டும் இல்லையா. இரண்டு வருஷம் அந்தப் பக்கத்தில் ஆற்றோர வீட்டில் வாடகைக்கு இருந்திருக்கிறேன். வாடகை ரெடிங்கைவிட அதிகம், வீடும் லேசில் கிடைக்காது. வீட்டைக் காட்டிய முகவரிடம் "தண்ணீர் வருமா" என்று நேராகக் கேட்டேன், வராது என்றார். அந்தக் குளிர்காலமே தோட்டம் முழுக்க ஆறு. வீட்டுக்குள் வரவில்லை, ஆனால் மூன்று ராத்திரி தூங்கவில்லை, கைக்குழந்தையை வைத்துக்கொண்டு படிக்கட்டில் உட்கார்ந்திருந்தேன். 1947, 2003, 2014 என்று தேம்ஸ் பள்ளத்தாக்கில் பெரிய வெள்ள வருஷங்கள் இருக்கின்றன. கோடையில் போகிறீர்கள், பயம் குறைவு, ஆனாலும் வீடு பார்க்கும்போது முகவர் பேச்சை நம்பாமல் அரசாங்க இணையதளத்தில் அஞ்சல் குறியீட்டைப் போட்டு வெள்ள அபாயத்தைப் பாருங்கள்.

அடுத்தது, தனிமை. காலை பத்து மணிக்குத் தெருவில் எல்லோரும் வணக்கம் சொல்வார்கள், நாயைப் பற்றி, வானிலையைப் பற்றி இரண்டு வார்த்தை பேசுவார்கள், அத்தோடு சரி. நம் பாஷையில் பேச ஒரு ஆள் கிடையாது. எட்டு மணி நேரம் தனியாக இருக்கப்போவது உங்கள் அப்பா, அவரைக் கேட்டீர்களா?

கரையோரன் எழுதியது:

மீனா அக்கா, உண்மையைச் சொன்னால் கேட்கவில்லை. இன்று இரவே போனில் கேட்கிறேன்.

பழையபடகு எழுதியது:

அவர் என்ன சொன்னார் என்று எழுதுங்கள். அதற்குள் நான் வரலாற்றுப் பக்கத்தைக் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன், தண்ணீர் வேலை தெரிந்த மனிதர் என்றதும் கை சும்மா இருக்கவில்லை.

1086இல் வில்லியம் மன்னர் எடுத்த நிலக் கணக்கிலேயே இந்த ஊர் இருக்கிறது, காரிங்கஸ் என்ற பெயரில். காரா என்பவனுடைய ஆட்களின் இடம் என்று அர்த்தம். ஆற்றங்கரையில் இருக்கும் தாமஸ் தேவாலயம் 12ஆம் நூற்றாண்டு நார்மன் கட்டடம், அதை ஒட்டியே அகஸ்தீன் சபைக் கன்னியர் மடம் ஒன்று இருந்தது, எட்டாம் ஹென்றி மடங்களைக் கலைத்தபோது போய்விட்டது. தேவாலயத்தில் 1290 காலத்து மணி ஒன்று இருக்கிறது, இங்கிலாந்தின் மிகப் பழைய மணிகளில் சேர்த்தி. உள்ளே மரத் தடுப்பு ஒன்று நிற்கும், டிராஃபல்கர் கடற்போரில் இருந்த தண்டரர் கப்பலின் மரத்தில் செதுக்கியது. இதெல்லாம் பார்க்க வேண்டியவைதான், ஆனால் அப்பாவுக்குச் சொல்ல வேண்டியது வேறு.

அந்த இடத்தில் 1837 வரை பாலம் கிடையாது. பரிசல்துறை மாதிரி ஓடத்துறைதான். 1674 ஜூலையில், கோரிங் ஊர்த் திருவிழா முடிந்து ஸ்ட்ரீட்லிக்குத் திரும்பிய ஓடம் கவிழ்ந்து ஆண், பெண், குழந்தைகள் என்று சுமார் 60 பேர் போய்விட்டார்கள். ஓட்டியவர்கள் லாக்குக்கு மிக அருகில் கொண்டுபோனதால் தண்ணீர் இழுத்துவிட்டது என்று அந்த வருஷமே அச்சான துண்டுப் பிரசுரம் சொல்கிறது. இரண்டு சிறிய ஊர்கள், ஒரே சாயங்காலத்தில் 60 உயிர். ஒவ்வொரு வீட்டிலும் ஆள் போயிருக்கும். அந்தக் கலிங்கின் சத்தத்தை நான் அதற்கப்புறம் பழைய மாதிரி கேட்டதே இல்லை.

1837இல் மரப்பாலம் வந்தது, கட்டணம் கொடுத்துத்தான் கடக்க வேண்டும். இப்போது இருக்கும் பாலம் 1923இல் கட்டியது. பக்கத்தில் பாங்போர்னுக்கும் விட்சர்ச்சுக்கும் நடுவே உள்ள பாலத்தில் கார்களுக்கு இன்னமும் காசு வாங்குகிறார்கள், யாழ்நிலா அக்காவுக்குத் தெரிந்திருக்கும்.

கரையோரன் எழுதியது:

ஐயா, ஒரு சந்தேகம். லாக் என்றால் இரண்டு கதவுக்கு நடுவே படகை நிறுத்தி, தண்ணீரை ஏற்றி இறக்குவதுதானே? அதில் எப்படி ஓடம் இழுபட்டுக் கவிழும்?

பழையபடகு எழுதியது:

சரியான இடத்தில் பிடித்தீர்கள். 1674இல் லாக் என்று சொன்னது வேறு. நீங்கள் சொல்லும் இரண்டு கதவு லாக் கோரிங்கில் 1787இல்தான் வந்தது. அதற்கு முன் இருந்தது திறப்புக் கலிங்கு. ஆற்றுக்குக் குறுக்கே அடியில் ஒரு உத்திரம், மேலே ஒரு உத்திரம். இரண்டுக்கும் நடுவே வரிசையாகச் செங்குத்துக் கட்டைகள், அவற்றுக்கு ரைமர் என்று பெயர். அந்தக் கட்டைகளில் சாய்த்து நீளக் கைப்பிடி வைத்த பலகைகளை இறக்கி அடைத்திருப்பார்கள். நம் மதகில் பலகை போடுவது மாதிரியேதான், உங்கள் அப்பாவுக்கு இந்த வேலை ஒரு நிமிஷத்தில் புரிந்துவிடும். படகு வரும்போது பலகைகளையும் கட்டைகளையும் ஒவ்வொன்றாக உருவுவார்கள், தேங்கியிருந்த தண்ணீர் ஒரே வேகத்தில் பாயும். கீழே போகிற படகு அந்தப் பாய்ச்சலோடு வழுக்கிப் போகும், மேலே வருகிற படகைக் கயிறு கட்டி ராட்டினத்தில் இழுக்க வேண்டும். பலகைகள் உருவியிருக்கும் நேரத்தில் அந்தத் திறப்பின் அருகே போனால் எந்த ஓடமும் நிற்காது.

இதில் ஒரு பழைய தகராறும் உண்டு. தேங்கிய தண்ணீர் மாவு மில்காரனுக்கு வேண்டும், அவன் சக்கரம் அதில்தான் ஓடுகிறது. படகுக்காரன் திறக்கச் சொன்னால் அன்றைய அரைப்பு போச்சு. தேம்ஸ் முழுக்க நூற்றாண்டுக்கணக்கில் இந்தச் சண்டைதான். கோரிங் மில்லை ஓவியர் டர்னர் 1806 வாக்கில் வரைந்திருக்கிறார், தேவாலயமும் சேர்ந்து தெரியும், படம் இன்று டேட் அருங்காட்சியகத்தின் தொகுப்பில் இருக்கிறது.

அப்புறம் சாண்டர்ஸ் குடும்பம். சாமுவேல் சாண்டர்ஸ் இங்கே படகுப் பட்டறை வைத்திருந்தவர். மெல்லிய மரத் தகடுகளை அடுக்கி, நடுவே தண்ணீர் புகாத துணி வைத்து, எல்லாவற்றையும் செம்புக் கம்பியால் தைத்துவிடுகிற முறையைக் கொண்டுவந்தார். 1898இல் அப்படிக் கட்டிய கன்சூட்டா என்ற நீராவிப் படகு ஹென்லி படகுப் போட்டியில் நடுவர் படகாகப் போனது. அதே தையல் முறையில்தான் பின்னால் பறக்கும் படகுகளின் அடிப்பகுதியைச் செய்தார்கள். அவர் தொழிலை வைட் தீவுக்கு மாற்றிக்கொண்டார், அந்த நிறுவனத்தின் வழி வந்ததுதான் சாண்டர்ஸ் ரோ, 1959இல் காற்று மெத்தையில் மிதந்து ஓடும் ஹோவர்கிராஃப்டை ஓடவிட்டவர்கள். எல்லாம் இந்தச் சின்ன ஊர்க் கரையில் மரம் அறுத்த கை. இதை நினைத்தால் எனக்கு இன்னும் மயிர்க்கூச்சு வரும்.

தேம்ஸ்நடை எழுதியது:

ரயிலை விட்டுவிட்டீர்கள். பொறியாளர் புரூனல் தன் கிரேட் வெஸ்டர்ன் ரயில் பாதையை இந்த இடைவெளி வழியாகத்தான் கொண்டுபோனார், நிலையம் 1840இல் திறந்தது. பாதை இங்கே இரண்டு தடவை தேம்ஸைத் தாண்டுகிறது, கேட்ஹாம்ப்டனில் ஒன்று, மோல்ஸ்ஃபர்டில் ஒன்று. மோல்ஸ்ஃபர்ட் பாலத்தின் அடியில் நின்று மேலே பாருங்கள். நான்கு வளைவு, ஆற்றைச் சாய்வாகக் கடப்பதால் செங்கல் வரிசைகளும் சாய்ந்தே சுற்றிக்கொண்டு போகும். கொத்தன் ஒவ்வொரு கல்லையும் கோணம் பார்த்து வைத்திருக்கிறான். 1890களில் பாதையை அகலப்படுத்தியபோது பக்கத்திலேயே இன்னொரு பாலம் சேர்த்தார்கள். சமீபத்தில் மின்சார ரயிலுக்காக நட்ட இரும்புக் கம்பங்களைப் பார்த்து ஊர்க்காரர்களுக்கு மிகுந்த வருத்தம், இரண்டு பக்கமும் பாதுகாக்கப்பட்ட இயற்கை எழில் பகுதி, நடுவே இவ்வளவு பருமனான கம்பமா என்று போராடினார்கள். அவர்கள் கேட்டது நியாயம்தான் என்பது என் கருத்து. மின்சார ரயிலும் வேண்டும், மெலிந்த கம்பம் போட்டிருக்கலாம்.

பிரபலமானவர்கள் கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். ஆஸ்கர் வைல்ட் 1893 கோடையில் இங்கே தங்கி ஒரு நாடகம் எழுதத் தொடங்கினார், அதில் ஒரு பாத்திரத்துக்குப் பெயரே கோரிங் பிரபு. இரண்டாம் உலகப் போரில் குண்டுவீச்சுப் படைக்குத் தலைமை தாங்கிய ஆர்தர் ஹாரிஸ் கடைசிக் காலத்தில் இங்கே இருந்து 1984இல் இறந்தார். பாடகர் ஜார்ஜ் மைக்கேல் 2016 கிறிஸ்துமஸ் அன்று இந்த ஊரில் உள்ள தன் வீட்டில் காலமானார், பூ வைக்க எங்கெங்கிருந்தோ ஜனங்கள் வந்தார்கள்.

சுண்ணாம்புமலை எழுதியது:

கரையோரன், உங்கள் அப்பாவை ஒரு நாள் கட்டாயம் ஸ்டோக் ரோவுக்குக் கூட்டிப் போங்கள். கோரிங்கிலிருந்து கிழக்கே ஐந்தாறு மைல், குன்றின் மேலே. நான் சுண்ணாம்புப் பாறை என்று சொன்னதன் மறுபாதி அங்கே இருக்கிறது.

இந்தப் பாறை மழையை அப்படியே குடித்துவிடும். மேலே ஓடை கிடையாது, குளம் நிற்காது, தண்ணீர் எல்லாம் ஆழத்தில் போய்த் தங்கி பள்ளத்தாக்கில்தான் ஊற்றாக வெளியே வரும். கோரிங்குக்கு ஆறும் உண்டு, நிலத்தடி நீரும் உண்டு. மேலே இருப்பவர்களுக்கு ஒன்றுமில்லை. இங்கிலாந்தில் தண்ணீர்ப் பஞ்சமா என்று கேட்பார்கள், அந்தக் குன்றுகளின் மேல் இருந்தது. குட்டையில் தேங்கிய அழுக்குத் தண்ணீரைத்தான் வைத்துக்கொண்டிருந்தார்கள்.

எட்வர்ட் ஆண்டர்டன் ரீட் என்பவர் பக்கத்து இப்ஸ்டன் ஊரைச் சேர்ந்தவர், வட இந்தியாவில் கிழக்கிந்தியக் கம்பெனி அதிகாரி. அசம்கரில் 1831இல் மக்களுக்குக் கிணறு வெட்ட உதவியவர். காசி மகாராஜா ஈஸ்வரி பிரசாத் நாராயண் சிங்குக்கு நண்பர். தன் ஊர்ப் பக்கத்தில் வறட்சியில் வீட்டில் இருந்த கடைசித் தண்ணீரைக் குடித்துவிட்டதற்காகத் தாயிடம் அடி வாங்கிய பையனைப் பற்றி மகாராஜாவிடம் சொல்லியிருக்கிறார். மகாராஜா அதை மறக்கவில்லை. ரீட் ஓய்வு பெற்று ஊர் திரும்பிய பின், ஸ்டோக் ரோவுக்குக் கிணறு வெட்ட மகாராஜா பணம் கொடுத்தார். 368 அடி ஆழம், நான்கு அடி அகலம், முழுக்கக் கையால் தோண்டியது. லண்டன் செயின்ட் பால் தேவாலயத்தின் உயரமே 365 அடிதான். 1864 மே 24, விக்டோரியா ராணி பிறந்தநாளில் திறந்தார்கள். தண்ணீர் இலவசம். பராமரிப்புச் செலவுக்குப் பக்கத்திலேயே செர்ரித் தோப்பும் வைத்தார்கள். மேலே கும்பம் மாதிரி விதானம், வாளி இழுக்கும் இயந்திரத்தின் மேல் ஒரு யானை.

நான்கு அடி அகலக் குழிக்குள், அந்த ஆழத்தில் ஒருவர் நின்று வெட்டியிருக்கிறார். மேலிருந்து ஒரு சிறிய கல் விழுந்தால் என்ன ஆகும் என்று கிணறு வெட்டுகிறவர்களுக்குத்தான் தெரியும்.

யாழ்நிலா எழுதியது:

ஸ்டோக் ரோவுக்கு பஸ்ஸை நம்பிப் போக வேண்டாம் தம்பி, காரில் கூட்டிக்கொண்டு போங்கள். அதே போல ஆற்றுக்கு இந்தப் பக்கம் பேசில்டன் பார்க் என்ற மாளிகை இருக்கிறது, பழைய கட்டடங்களைப் பாதுகாக்கிற நேஷனல் டிரஸ்ட் வைத்திருக்கிறது. வடிவான கட்டடம். கட்டினவர் பிரான்சிஸ் சைக்ஸ், கிழக்கிந்தியக் கம்பெனிக்காக வங்காளத்தில் காசிம்பஜாரில் இருந்து பெரும் செல்வம் சேர்த்துக்கொண்டு வந்தவர். ஒரே வட்டாரத்தில் வங்காளத்துக் காசில் எழுந்த மாளிகையும் காசி ராஜா கொடுத்த கிணறும் இருக்கின்றன. நான் இரண்டையும் ஒரே நாளில் பார்த்தேன், அன்றிரவு முழுக்க அதைப் பற்றியே வீட்டில் கதைத்துக்கொண்டிருந்தோம்.

கரையோரன் எழுதியது:

அப்பாவிடம் பேசினேன். "ஆத்துல தண்ணி ஓடுதா, இல்ல மணலா?" என்று கேட்டார். வருஷம் முழுக்க ஓடும் என்றேன். கொஞ்ச நேரம் சத்தமே இல்லை. பிறகு "வீடு சின்னதா இருந்தாலும் பரவாயில்ல" என்றார்.

பள்ளத்தில் இல்லாமல் ஸ்டேஷன் பக்கம் மேட்டில் இரண்டு அறை வீடு கிடைத்திருக்கிறது. மீனா அக்கா சொன்னபடி அஞ்சல் குறியீடு போட்டுப் பார்த்துவிட்டுத்தான் முன்பணம் கொடுத்தேன்.

மீனா ரெடிங் எழுதியது:

ரொம்ப நல்லது. ஜூலை மூன்றாம் வாரம் அன்னங்களைப் பிடித்து எண்ணுகிறவர்கள் படகில் வருவார்கள், அரசரின் ஆட்களும் லண்டனின் இரண்டு பழைய வணிகர் சங்கத்து ஆட்களும், சன்பரியில் தொடங்கி அபிங்டன் வரை ஐந்து நாள். கோரிங் வழியாகவும் போவார்கள். குஞ்சுகளை எடை பார்த்து, அடிபட்டிருக்கிறதா என்று பார்த்துவிட்டுத் திரும்ப விடுவார்கள். அப்பாவுக்குக் காட்டுங்கள். ஒரு ஞாயிற்றுக்கிழமை என் பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு வருகிறேன், தமிழில் பேச ஆள் கிடைத்த மாதிரியும் இருக்கும்.

கரையோரன் எழுதியது:

வந்து ஆறு வாரம் ஆகிறது, எழுத நேரம் கிடைக்கவில்லை, மன்னிக்கவும்.

முதல் நாள் லாக்கில் நடந்ததை மட்டும் சொல்கிறேன். ஒரு படகு மேலே வந்துகொண்டிருந்தது. அப்பா வேலி ஓரம் நின்று பேசாமல் பார்த்தார். அறைக்குள் தண்ணீர் ஏறி முடிந்ததும் கதவு தானாகத் திறப்பது போல லேசாக விலகியது. "ரெண்டு பக்கமும் மட்டம் ஆயிட்டா பாரம் இல்ல, அதான் ஷட்டரத் தூக்கற மாதிரி தூக்க வேண்டியதில்ல" என்றார். அப்புறம் என் கையைப் பிடித்து, "கதவு ரெண்டும் நேரா மூடல பாரு, மேல்தண்ணிப் பக்கம் கூம்பி நிக்குது. தண்ணி தள்ளத் தள்ள இறுகும். கட்டினவன் கெட்டிக்காரன்" என்றார். நான் அந்த வழியாக எத்தனையோ தடவை போயிருக்கிறேன், ஒரு தடவைகூட அதைக் கவனித்ததில்லை.

1674 கதையைச் சொன்னேன். பாலத்தின் மேலே நின்று கேட்டார். தன் வேலைக்காலத்தில் மதகு இழுத்து உயிர் போன இரண்டு பேரின் பெயரைச் சொன்னார், அதை அதுவரை வீட்டில் யாரிடமும் சொன்னதில்லை.

இப்போது காலை ஏழரைக்கு நான் ரயிலுக்குக் கிளம்பும்போதே அவரும் கிளம்பிவிடுகிறார். லாக் காப்பாளருக்கும் இவருக்கும் பாஷை ஒட்டவில்லை, ஆனால் அளவுக்கோலைக் காட்டிக் காட்டிப் பேசிக்கொள்கிறார்கள். நீரோட்டம் கூடினால் மஞ்சள் பலகையும் மிக வேகமானால் சிவப்புப் பலகையும் வைப்பார்கள் என்று காப்பாளர் காட்டி விளக்கியிருக்கிறார். மாடத்துப் புறா மாதிரி எந்நேரமும் தலைக்கு மேல் சுற்றும் சிவப்புப் பருந்துகளை அப்பா முதலில் கருடன் என்றுதான் நினைத்தார். இங்கே அற்றுப்போய், 1989 முதல் ஸ்பெயினிலிருந்து கொண்டுவந்து சில்டர்ன் குன்றுகளில் விட்ட பறவைகளின் வம்சம் என்று படித்துச் சொன்னேன்.

ஸ்டோக் ரோ கிணற்றையும் பார்த்துவிட்டோம். உள்ளே எட்டிப் பார்க்க முடியாதா என்று சுற்றிச் சுற்றி வந்தார். மீனா அக்காவின் பிள்ளைகள் அவரைத் தாத்தா என்றே கூப்பிடுகிறார்கள்.

ஒரு உதவி வேண்டும். சின்ன நோட்டில் தினமும் லாக்குக்கு மேலே எவ்வளவு, கீழே எவ்வளவு என்று நீர்மட்டம் குறித்து வைக்கிறார். மழை நாளில் போக முடியவில்லை என்றால் அந்தக் கட்டம் காலியாக இருக்கிறது என்று வருத்தப்படுகிறார். இந்த அளவுகள் இணையத்தில் எங்காவது கிடைக்குமா?

பழையபடகு எழுதியது:

கிடைக்கும். அரசின் வெள்ள எச்சரிக்கைத் தளத்தில் ஆற்று மட்டம் என்ற பகுதிக்குப் போய் கோரிங் லாக் என்று தேடுங்கள். மேல்மட்டம், கீழ்மட்டம் இரண்டும் தனித்தனியாக வரும், மீட்டரில் இருக்கும், கடந்த ஐந்து நாளின் வரைபடமும் உண்டு. கோரிங்குக்கும் அடுத்து மேலே இருக்கும் க்ளீவ் லாக்குக்கும் நடுவே உள்ள துண்டுதான் கடல் ஏற்றம் எட்டாத தேம்ஸில் மிகக் குட்டையானது, க்ளீவுக்கு மேலே பென்சன் வரை ஆறரை மைல் மிக நீளமானது. க்ளீவ் அளவையும் பக்கத்தில் ஒரு பத்தியாகக் குறிக்கச் சொல்லுங்கள், மழைக்குப் பின் இரண்டும் எப்படி நகர்கின்றன என்று அவருக்குப் பார்க்கப் பிடிக்கும். அந்த நோட்டின் ஒரு பக்கத்தைப் படம் எடுத்து இங்கே போட முடியுமா?